கலப்பை என்றால் பையும்தான்

மகளின் தமிழ்ப் பயிற்சித் தாள் போன வாரம் திருத்தி வந்தது. ஐந்தாவது வாக்கியத்தைச் சுற்றி ஒரு சிவப்பு வட்டம், பக்கத்தில் பெரிய கேள்விக்குறி. 'கலப்பை' என்ற சொல்லை வைத்து வாக்கியம் அமைக்கச் சொல்லியிருக்கிறார்கள். அவள் எழுதியது இது: "ஏர்கான் அண்ணன் கலப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார்."

கீழே ஆசிரியர் அழகான கையெழுத்தில் "உழவர் கலப்பையால் நிலத்தை உழுதார்" என்று எழுதிக் கொடுத்திருந்தார். 2 மதிப்பெண் காலி. மகள் தாளை மேசையில் வைத்துவிட்டு ஒன்றும் பேசாமல் நின்றாள். தொடக்கநிலை 5 படிக்கிற பிள்ளை ஒன்றும் பேசாமல் நின்றால் எப்படி இருக்கும் என்பது பெற்றவர்களுக்குத் தெரியும்.

குற்றம் என்னுடையதுதான். நடந்ததைச் சொல்லிவிடுகிறேன்.

அது ஒரு சனிக்கிழமை. படுக்கையறை ஏர்கான் இரண்டு நாளாக ஒழுகிக்கொண்டிருந்தது. அடியில் வாளியை வைத்துவிட்டு சர்வீஸ்காரருக்காகக் காத்திருந்தோம், அந்த நேரத்தில் வீட்டுப்பாடமாவது முடியட்டும் என்று மகளை உட்கார வைத்திருந்தேன். "அப்பா, கலப்பைன்னா என்ன?" என்றாள். போனில் படம் தேடிக் காட்டி, "இதுதாம்மா, ஏர்" என்றேன். "ஏர்னா காத்து இல்லையா?" என்றாள். சரி, இதை இப்படியே விடக்கூடாது என்று 'சுழன்றும்ஏர்ப் பின்னது உலகம்' என்ற குறளைச் சொன்னேன். அவள் ஒழுகும் ஏர்கானைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். உலகமே ஏர்கானுக்குப் பின்னால்தான் சுற்றுகிறது என்று அவளுக்குப் புரிந்திருந்தால் நான் மறுக்க முடியாது. சிங்கப்பூரை மாற்றிய கண்டுபிடிப்பு குளிரூட்டிதான் என்று லீ குவான் யூவே சொல்லியிருக்கிறார். வள்ளுவர் வேறு ஊர்க்காரர்.

அப்போதுதான் மணி அடித்தது. சர்வீஸ் தம்பி வந்தார். பட்டுக்கோட்டைப் பக்கம் ஊர், இங்கே வந்து ஆறு வருடம். வலது தோளில் தடித்த கித்தான் பை ஒன்று குறுக்காகத் தொங்கியது, இடது கையில் கேஸ் சிலிண்டர், கக்கத்தில் சுருட்டிய பிளாஸ்டிக் விரிப்பு. பையைத் தரையில் இறக்கி, வாயைக் கட்டியிருந்த கயிற்றைத் தளர்த்தியதும் உள்ளே இருந்த ஸ்பேனரும் குறடும் ஸ்குரூடிரைவர்களும் ஒன்றோடொன்று மோதி ஒரு சத்தம் போட்டன. அந்தச் சத்தத்தைக் கேட்டதும் எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. "இதோ பாரு, இதுவும் கலப்பைதான். பழைய தமிழ்ல இதுக்குப் பேரு கலப்பை" என்று மகளிடம் சொல்லிவிட்டேன். அவள் எழுதிவிட்டாள். அவ்வளவுதான் கதை.

ஆனால் நான் சொன்னது தப்பில்லை. அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். ஆசிரியரோடு சண்டைக்கு இல்லை, அவர் பக்கமும் நியாயம் இருக்கிறது, அதற்கு அப்புறம் வருகிறேன்.

இரண்டு வருடமாக ஞாயிற்றுக்கிழமை காலையில் எங்கள் வட்டார நூலகத்தில் ஏழெட்டுப் பேர் கூடிப் பழைய பாட்டு படிக்கிறோம். பண்டிதர் யாரும் கிடையாது. ஒருவர் பேருந்து ஓட்டுநர், இரண்டு பேர் ஓய்வு பெற்ற ஆசிரியைகள், நான் கணக்கு எழுதுகிறவன். ஒரு வாரம் புறநானூறு 206 வந்தது. ஔவையார் அதியமான் நெடுமான் அஞ்சியிடம் பரிசில் வாங்க வந்திருக்கிறார், அவன் தராமல் நாளைக் கடத்துகிறான். ஔவைக்குக் கோபம். அரசனிடம் நேரடியாகக் கத்தாமல் வாசலில் நிற்கும் காவலனைப் பிடித்துக்கொள்கிறார். "வாயிலோயே, வாயிலோயே" என்று இரண்டு தடவை கூப்பிடுகிற கூப்பாட்டிலேயே கோபம் தெரிந்துவிடும். உன் அரசனுக்குத் தன்னைத் தெரியாதா, என்னைத் தெரியாதா? அறிவும் புகழும் உள்ளவர்கள் எல்லாம் செத்துப்போய் உலகம் ஒன்றும் காலியாகிவிடவில்லையே என்று கேட்டுவிட்டு, இப்படி முடிக்கிறார்:

காவினெம் கலனே; சுருக்கினெம் கலப்பை;
மரங்கொல் தச்சன் கைவல் சிறாஅர்
மழுவுடைக் காட்டகத்து அற்றே
எத்திசைச் செலினும் அத்திசைச் சோறே.

கலனைக் காவில், அதாவது தோள்தடியில், ஏற்றிவிட்டோம், கலப்பையைச் சுருக்கிக் கட்டிவிட்டோம், கிளம்புகிறோம். மரம் வெட்டும் தச்சனின் கைத்திறமை உள்ள பிள்ளைகள் கோடாரியோடு காட்டுக்குள் போனால் எப்படியோ அப்படித்தான் நாங்களும், எந்தப் பக்கம் போனாலும் அந்தப் பக்கம் சோறு உண்டு.

பேருந்து ஓட்டுநர் அண்ணன் உடனே கேட்டார், "பாட்டுப் பாடுற அம்மாவுக்கு ஏர்க்கலப்பை எதுக்குங்க? அதை எப்படிச் சுருக்குறது?" நல்ல கேள்வி. ஏர்க்கலப்பையை மடக்க முடியாது, அது மரமும் இரும்பும். அப்போதுதான் அகராதியைப் புரட்டினோம். கலம் கூட்டல் பை, கலப்பை. மரம் கூட்டல் பெட்டி மரப்பெட்டி ஆவதைப் போலத்தான், 'ம்' போய் 'ப்' வந்து ஒட்டிக்கொள்கிறது. கலங்களை, அதாவது யாழ், பறை, குழல் மாதிரியான கருவிகளைப் போட்டு வைக்கும் பை. ஔவை சுருக்கியது அதன் வாயை. எங்களோடு இருந்த ஆசிரியை ஒருவர் கையை மடியில் இழுத்துக் காட்டி, "எங்க ஆச்சி சுருக்குப்பையை இப்படித்தான் இழுப்பாங்க" என்றார். பாட்டு சட்டென்று கண் முன்னால் வந்துவிட்டது. வெற்றிலையும் சில்லறையும் போடும் சுருக்குப்பை சின்னது, ஔவையின் கலப்பை பெரியது. இழுப்பு ஒன்றுதான்.

அந்தப் பாட்டிலேயே இன்னொரு வேடிக்கை உண்டு. மேலே ஓர் இடத்தில் பரிசிலர்கள் வள்ளல்களின் காதில் நல்ல சொற்களை 'வித்தி', அதாவது விதைத்து, நினைத்த காரியத்தை முடித்துக்கொள்பவர்கள் என்று வருகிறது. விதைப்பு இருக்கிறது, கலப்பை இருக்கிறது, ஆனால் இரண்டும் வயலைத் தொடவே இல்லை. நான் இதை எடுத்துச் சொல்லிப் பெருமைப்பட்டபோது யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை, தேநீர் நேரம் வந்துவிட்டது.

பை என்பதற்கு இன்னும் தெளிவான சாட்சி மலைபடுகடாம் என்ற சங்கப் பாட்டு. நன்னன் என்ற தலைவனிடம் போகச் சொல்லிக் கூத்தர்களை அழைக்கும் அந்தப் பாட்டு, எடுத்த எடுப்பிலேயே அவர்கள் சுமந்து வருகிற இசைச் சாமான்களைத்தான் அடுக்குகிறது. முழவு, ஆகுளி, பாண்டில், கோடு, யானை மூச்சு விடுவது போல் ஒலிக்கும் தூம்பு, குழல், தட்டை, எல்லரி, பதலை. இத்தனையையும் பைகளில் போட்டுக் கட்டி, காவுத்தடியின் இரண்டு பக்கமும் எடை சமமாக வரும்படி தொங்கவிட்டிருக்கிறார்கள். அது எப்படி இருக்கிறதாம்? மழைக்காலத்துப் பலா மரத்தில் காய்கள் கொத்துக் கொத்தாகத் தொங்குவது போல. 'நேர்சீர் சுருக்கிக் காய கலப்பையிர்' என்று அந்த ஆட்களையே கலப்பைக்காரர்களே என்று கூப்பிடுகிறார் புலவர். இங்கேயும் சுருக்கி, இங்கேயும் கா.

கா என்றால் தோளில் வைக்கும் தடி. இரண்டு முனையிலும் சுமை. தைப்பூசத்துக்கு இங்கே சிராங்கூன் சாலையிலிருந்து தேங்க் ரோடு வரைக்கும் போகிறதே காவடி, அதில் இருப்பதும் இந்தக் காதான். பாரம் சமமாக இருந்தால் தூக்குகிறவருக்கு நடை சுலபம், ஒரு பக்கம் சாய்ந்தால் தோள் போயிற்று. சிங்கப்பூரில் பழைய படங்களைப் பார்த்தால் சீன, மலாய், தமிழ் வியாபாரிகள் தோளில் தடியோடு, ஒரு பக்கம் அடுப்பும் மறு பக்கம் சாமானுமாக நிற்பார்கள். கச்சாங் பூத்தே, அதாவது வறுத்த கடலை, விற்ற நம்மவர்கள் மட்டும் தட்டைத் தலையில் வைத்தார்கள். தடி தூக்கியவர்களுக்கு அடுப்பு, சட்டி, கரண்டி எல்லாம் கூடவே வரும். கடை என்று ஒன்று தனியாகக் கிடையாது, ஆள் நிற்கும் இடம்தான் கடை.

சரி, அப்படியானால் பை எப்படி ஏர் ஆனது? இதற்குக் கலம் என்ற சொல்லைக் கொஞ்சம் நோண்ட வேண்டும். நோண்டினால் நிற்காது. சாப்பிடும் தட்டு கலம், உண்கலம். மண்பாண்டம் மட்கலம். கப்பல் மரக்கலம். நகை அணிகலம். ஆயுதம் படைக்கலம். யாழுக்கும் கலம் என்று பெயர். நெல் அளக்கும்போது 12 மரக்கால் ஒரு கலம், சோழர் கல்வெட்டுகளில் கோயிலுக்குக் கொடுத்த நெல் கலக் கணக்கில்தான் இருக்கும். எழுதிக் கொடுக்கும் பத்திரத்தையும் கலம் என்று சொல்லியிருக்கிறார்கள். உழுகிற கருவிக்கும் அதே பெயர்தான். இந்தக் காலத்தில் விண்வெளிக்குப் போனால் விண்கலம், டார்ச்சுக்குள் போட்டால் மின்கலம். ஒரு மனிதன் ஒரு காரியத்துக்காகக் கையில் எடுக்கிற, எதையாவது தாங்குகிற எல்லாமே கலம்தான் போலிருக்கிறது.

இதை எழுதும்போதுதான் உறைக்கிறது: எங்கள் வீட்டுக்கு வந்த தம்பியின் இடது கையில் இருந்த சிலிண்டரும் கலன்தான், வாயுக்கலன். தோளில் கலப்பை, கையில் கலன். ஔவை சொன்ன வரிசை கொஞ்சம் மாறிவிட்டது, அவ்வளவுதான். பைக்குள் இருந்த டிரில் மெஷினில் மின்கலம் வேறு.

கலமும் பையுமாகப் பாணர்கள் தூக்கிப் போன சொல் உழவர் வீட்டில் மேழி, ஏர்க்கால், கொழு, நுகத்தடி, பூட்டாங்கயிறு என்று ஒரு செட்டாக இருக்கும் சாமானுக்குப் போய்ச் சேர்ந்ததில் எனக்கு ஆச்சரியமில்லை. அதுவும் கழற்றி மாட்டுகிற தொகுதிதான், ஒற்றைப் பொருள் இல்லை. கைப்பிடி மேழி, மண்ணைக் கிழிக்கிற இரும்பு கொழு, மாட்டோடு இணைக்கிற நீள மரம் ஏர்க்கால். வள்ளுவர் உழவு அதிகாரத்தில் ஏர் என்றுதான் சொல்கிறார். கொன்றை வேந்தன் எழுதிய பிற்கால ஔவை 'மேழிச் செல்வம் கோழை படாது' என்று கைப்பிடியைப் பிடித்துக்கொள்கிறார். நாஞ்சில் என்றும் ஏருக்குப் பெயர். மலையாளத்தில் போய்க் கேட்டால் கலப்பை அங்கே கலப்ப, அதுவும் ஏர்தான். என் சித்தப்பா ஒருவர் இருந்தார், "மண்ணைக் கலக்குது, அதனால கலப்பை" என்று ஒரே போடாகப் போடுவார். கேட்க நன்றாக இருக்கும். ஆனால் சுருக்கிக் கட்டிய பையை அவர் என்ன செய்வார்?

என் எண்ணம் இது. பாணரும் கூத்தரும் ஊர் ஊராகப் போனவர்கள், பின்னாளில் அந்தத் தொழிலே தேய்ந்துபோனது. உழவர் ஊரிலேயே இருந்தார். நடந்துகொண்டே இருந்தவர்களின் பொருள் வழியில் விழுந்துவிட, இருந்த இடத்தில் இருந்தவர்களின் பொருள் வேர் பிடித்துவிட்டது. அகராதியில் இரண்டும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாலும் பாடப்புத்தகத்துக்கு ஒன்றுதான் போகிறது.

இதில் எனக்கு உறுத்துவது என்னவென்றால், சிங்கப்பூரில் பாடப்புத்தகத்துக்குப் போனது இங்கே இல்லாத பொருள், போகாமல் விட்டது இங்கே தினமும் தெருவில் நடக்கிற பொருள். உழவு இந்த ஊரில் எங்கே இருக்கிறது? லிட்டில் இந்தியாவில் எருமைக்குக் குறைவில்லை, தெருப்பெயரில்தான். பஃபலோ ரோடு, பக்கத்திலேயே கெர்பாவ் ரோடு, மலாயில் கெர்பாவ் என்றாலும் எருமைதான். கேகே மருத்துவமனையின் கேகே, கண்டாங் கெர்பாவ், அதாவது எருமைக் கொட்டில். என் மகள் பிறந்தது அங்கேதான் என்பதால் இதை வைத்து வீட்டில் நிறையக் கிண்டல் நடக்கும். 19ஆம் நூற்றாண்டில் ரோச்சோர் ஆற்றுப் பக்கம் தண்ணீரும் புல்லும் இருந்ததால் மாட்டு வியாபாரம் அங்கே கொழித்தது, பாலுக்கும் கறிக்கும் வண்டிக்கும் மாடு. ஏர் பூட்டிய மாட்டை இப்போது பார்க்க வேண்டுமென்றால் பொங்கல் சமயத்தில் கொட்டகை போட்டு மாடு கட்டும்போது, பக்கத்தில் அலங்காரத்துக்கு வைக்கிற மரக் கலப்பையோடு மனதில் சேர்த்துப் பார்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

பையோ அப்படியில்லை. இந்த ஊரில் தமிழர் வரலாறே பையோடுதான் ஆரம்பிக்கிறது. 1819இல் ராஃபிள்ஸோடு பினாங்கிலிருந்து வந்த நாராயண பிள்ளை இங்கே செங்கல் சூளை வைத்தார், வைத்த கையோடு பினாங்கிலிருந்து கொத்தனார்களையும் தச்சர்களையும் வரவழைத்தார். சவுத் பிரிட்ஜ் ரோடு மாரியம்மன் கோயிலை 1827இல் முதலில் மரத்தாலும் அத்தாப்பு ஓலைக் கூரையாலும் எழுப்பியது அந்தத் தலைமுறைதான். அந்தத் தச்சர்கள் வெறுங்கையோடா வந்திருப்பார்கள்? உளியும் மரம் செதுக்கும் வாய்ச்சியும் இல்லாமல் தச்சன் ஏது? எத்திசைச் செலினும் அத்திசைச் சோறே என்பதை அவர்கள் படித்திருக்க வேண்டியதில்லை, அதைச் செய்துகொண்டிருந்தார்கள்.

எங்கள் தாத்தாவும் தச்சர். மன்னார்குடிப் பக்கத்திலிருந்து 1950களில் நாகப்பட்டினம் வந்து ரஜூலா கப்பல் ஏறியவர். செம்பவாங்கில் வெள்ளைக்காரர்களின் கடற்படைத் தளம் இருந்த காலத்தில் அங்கே தச்சு வேலை. அவர் ஊரிலிருந்து கொண்டுவந்தது ஒரு டிரங்குப் பெட்டியும் ஒரு கோணிப் பையும், கோணிக்குள் வாய்ச்சி, நாலைந்து உளி, இழைப்புளி, உளியை அடிக்கும் கொட்டாப்புளி, துறப்பணம், மூலைமட்டம். துறப்பணம் என்றால் வில் மாதிரி ஒரு குச்சியில் கயிற்றைக் கட்டி, முன்னும் பின்னும் இழுத்து மரத்தில் ஓட்டை போடுவது. நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது அதை வைத்து விளையாடி முதுகில் வாங்கியிருக்கிறேன்.

அவர் இதையெல்லாம் கருவி என்று சொல்லிக் கேட்டதில்லை. ஆயுதம் என்பார். "ஆயுதத்தைத் தாண்டாதடா", "ஆயுதம் இல்லாம வேலைக்கு வர்றவன் என்ன ஆசாரி" என்று. பள்ளிக்கூடத்தில் ஆயுதம் என்றால் வாளும் வேலும்தான் என்று படித்துவிட்டு வந்த எனக்கு இது ரொம்ப நாள் குழப்பம். ஆயுத பூசையன்று கோணியை அவிழ்த்து, ஒவ்வொன்றையும் துடைத்து எண்ணெய் போட்டு, சரஸ்வதி படத்துக்கு முன்னால் வரிசையாக வைத்து, சந்தனமும் குங்குமமும் வைப்பார். அன்றைக்கு எதையும் தொடக்கூடாது. ஓர் ஆணி அடிக்கக்கூட எடுக்க மாட்டார். தமிழில் சண்டைக்கும் தொழிலுக்கும் ஒரே சொற்கள்தான் என்பது அப்புறம்தான் புரிந்தது. படை என்றால் சேனை, உழுபடை என்றால் ஏர். கலம் வாளும் ஆகும், வீணையும் ஆகும்.

கருவி என்ற சொல்லே பழைய காலத்தில் வேறு மாதிரி. தொல்காப்பியம் உரியியலில் 'கருவி தொகுதி' என்று இரண்டே சொல்லில் முடித்துவிடுகிறது. சங்கப் பாட்டில் 'கருவி வானம்' என்றால் மேகமும் மின்னலும் இடியும் மழையும் சேர்ந்து கூட்டமாக வருகிற வானம். அதாவது கருவி என்பதற்கே சேர்ந்திருப்பது என்று பொருள். தனியாகக் கிடக்கும் ஓர் உளி கருவி இல்லை என்று சொன்னால் இலக்கணக்காரர்கள் அடிக்க வருவார்கள், ஆனால் தாத்தா ஒத்துக்கொள்வார். உளி இருந்து கொட்டாப்புளி இல்லையென்றால் அன்றைக்கு வேலை இல்லை. பையை மறந்துவிட்டு வந்த கொத்தனாரிடம் போய்க் கரண்டி மட்டும் கொடுத்துப் பாருங்கள், தூக்குக்குண்டு எங்கே, ரசமட்டம் எங்கே, மணியாசுக்கட்டை எங்கே என்று கேட்பார்.

தொழில் பைக்குத் தனிப் பெயர் வைத்திருந்த ஆட்களும் உண்டு. முடி திருத்துபவர் கத்தியும் சாணைக்கல்லும் வைத்திருந்த பை அடைப்பம். வெற்றிலைப் பைக்கும் அந்தப் பெயர் உண்டு, அரசனுக்கு வெற்றிலைப் பை தூக்கியவர் அடைப்பைக்காரர். அப்புறம், வீடு மாறும்போது தட்டுமுட்டுச் சாமான் என்கிறோமே, அதில் வரும் முட்டுக்கும் கருவி என்று ஒரு பொருள் உண்டு. பணிமுட்டு என்றால் வேலைக்கான சாமான். இப்போது முட்டு என்றால் முட்டுக்கொடுப்பதுதான், அது வேறு தொழில்.

இந்தச் சொல்லோடு என் தலைமுறைக்கு இன்னோர் உறவும் இருக்கிறது. 2000களின் தொடக்கத்தில் வலைப்பதிவு எழுத வந்தவர்களுக்கு இ-கலப்பை என்ற தமிழ்த் தட்டச்சு மென்பொருள் ஞாபகம் இருக்கும். கணினியில் தமிழ் எழுத்து பெட்டி பெட்டியாகத் தெரிந்த காலம், தமிழ் எழுத்தைக் கணினியில் குறிக்கும் முறை திஸ்கியா யூனிகோடா என்று பெரிய பெரிய விவாதங்கள் நடந்த காலம். 1997இல் நா. கோவிந்தசாமி முன்னின்று சிங்கப்பூரில் தமிழ் இணைய மாநாடு நடத்திச் சில வருடம்தான் ஆகியிருந்தது. இ-கலப்பையை இறக்கி நிறுவிவிட்டு, ஆங்கில விசையில் உச்சரிப்புப்படி தட்டினால் திரையில் தமிழில் 'அம்மா' என்று வரும். முதல் தடவை வந்தபோது நான் என் அம்மாவையே கூப்பிட்டுக் காட்டினேன், அவர் "ம்" என்றுவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டார். அந்தப் பெயரை அப்போது நான் ஏர் என்றுதான் எடுத்துக்கொண்டேன், கணினியை உழுது தமிழ் விதைக்கிற மாதிரி. புறநானூறு படித்த பிறகு, பை என்று எடுத்தால் இன்னும் பொருத்தமாக இருக்கிறது. எந்த ஊர் கணினியில் உட்கார்ந்தாலும் அதை இறக்கி, அவிழ்த்து, வேலை முடிந்ததும் கிளம்பலாம். நான் அதைச் சொந்தக் கணினியைவிட அலுவலகக் கணினிகளில்தான் அதிகம் நிறுவியிருக்கிறேன், யாருக்கும் தெரியாமல்.

இப்போது ஆசிரியர் பக்கம். இன்றைக்கு ஒரு தமிழ்ப் பிள்ளை கலப்பை என்று எழுதினால் படிப்பவருக்கு ஏர்தான் தெரிய வேண்டும், அதுதான் நடப்பு வழக்கு, அதைச் சொல்லித்தருவதுதான் அவர் வேலை. வீட்டில் பேச்சே பாதி ஆங்கிலமாக இருக்கிற பிள்ளைகள் கலப்பை என்ற சொல்லைத் தெரிந்துகொண்டாலே பெரிது, அதில் நான் போய் ஔவையின் மூட்டையை ஏற்றிவிட்டேன். இது எனக்குப் புரிகிறது. ஆனாலும் அந்தக் கேள்விக்குறிக்குப் பதில் சொல்ல ஒரு வாய்ப்புக் கிடைத்திருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று ஓர் ஆசை. கேள்விக்குறி போட்டால் பதில் கேட்க வேண்டும் இல்லையா? மகளிடம் "நான் வந்து டீச்சரைப் பாக்கவா?" என்றேன். "அப்பா, ப்ளீஸ்" என்றாள். அத்தோடு அந்த விஷயம் முடிந்தது.

சர்வீஸ் தம்பியிடம் அன்றைக்கே கேட்டிருந்தேன். அவர் ஏணியில் நின்று வடிகுழாயில் அடைத்திருந்த பாசியை வேக்குவம் வைத்து உறிஞ்சிக்கொண்டிருந்தார். உங்கள் ஊரில் கலப்பை என்றால் என்ன என்றதும் இறங்காமலேயே சொன்னார். "எங்க வீட்லயே இருந்துச்சுண்ணே. டிராக்டர் வந்தப்புறம் மரத்தையெல்லாம் வெந்நீர் அடுப்புல வச்சுட்டாங்க. கொழு மட்டும் பரண்ல கெடக்கு. இப்ப கலப்பைன்னா டிராக்டர்ல மாட்டுறதுதான், அஞ்சு கலப்பை, ஒம்போது கலப்பை, சட்டிக் கலப்பைன்னு." ஐந்து, ஒன்பது என்பது கொழுக்களின் எண்ணிக்கை, சட்டிக் கலப்பையில் கொழுவுக்குப் பதில் வட்டத் தட்டுகள். மரத்திலிருந்து இரும்புக்குப் போய், மாட்டிலிருந்து இன்ஜினுக்குப் போய், பெயர் மட்டும் கழன்று விழாமல் கூடவே போயிருக்கிறது.

"இந்தப் பையை என்னன்னு சொல்லுவீங்க?" என்று கேட்டேன். "டூல்ஸ் பேக்" என்றார். பிறகு கொஞ்சம் யோசித்து, "ரூம்ல சாமான் பைன்னுவோம். யாராவது இத எடுத்துட்டுப் போய்ட்டா அன்னிக்குச் சோறு இல்லண்ணே" என்றார். நான் மகளைப் பார்த்தேன். அவள் எழுதிக்கொண்டிருந்தாள், அந்த வாக்கியத்தைத்தான் எழுதியிருக்கிறாள் என்று அப்போது எனக்குத் தெரியாது. வேலை முடிந்ததும் அவர் விரிப்பைச் சுருட்டி, ஸ்பேனர்களை ஒவ்வொன்றாக எண்ணி உள்ளே போட்டு, கயிற்றை இழுத்து முடிச்சுப் போட்டார். அடுத்தது பீஷானில் ஒரு வீடு என்றார், அதற்கப்புறம் தோ பாயோ.

இதையெல்லாம் போன ஞாயிறு அம்மாவிடம் போனில் சொல்லி, தாத்தாவின் கோணிப் பை எங்கே, அதை எடுத்து வை, மகளுக்குக் காட்ட வேண்டும் என்றேன்.

"எந்தப் பை?"

"தாத்தாவோட ஆயுதம் போட்ட பை."

"அது நைஞ்சு போயி எப்பவோ வீசியாச்சு. வாய்ச்சி இருக்கு. நல்ல இரும்பு. தேங்கா உடைக்க அதத்தான் வச்சிருக்கேன், எடுத்துட்டுக் கிடுத்துட்டுப் போயிராத."